கார் போய்க் கடன் மட்டும் மிஞ்சினால்: இன்வாய்ஸ் காப்பு எடுப்பதா, முன்பணத்தைக் கூட்டுவதா?

புதுக் காருக்கு ஷோரூமில் தரும் விலைப்பட்டியலில் காப்பீட்டுக்கான பகுதியைப் பார்த்தால், நாம் கேட்காமலேயே நான்கைந்து கூடுதல் காப்புகள் சேர்ந்திருக்கும். அவற்றுள் ஒன்று ‘ரிட்டர்ன் டு இன்வாய்ஸ்’. அதை நீக்கச் சொன்னால், கடனில் வாங்குகிறீர்கள், இது இல்லாமல் எப்படி என்று விற்பனையாளர் பதறுவார். வீட்டுக்கு வந்து உறவினரிடம் கேட்டால் அதெல்லாம் வீண் செலவு என்பார். தவணைக் கணக்கைப் பார்க்காமல் பேசினால் இருவர் பேச்சும் பாதிதான் சரி.

ஒன்றை முதலிலேயே தெளிவாக்கிக்கொள்ள வேண்டும். அமெரிக்காவில் ‘கேப் இன்சூரன்ஸ்’ என்று விற்பது கடன் பாக்கிக்கும் காரின் அன்றைய மதிப்புக்கும் இடையே துண்டு விழும் தொகையைத் தரும். நம் ஊர் இன்வாய்ஸ் காப்பு கடனைப் பார்ப்பதே இல்லை. காரின் கொள்முதல் விலைக்கும் காப்பீட்டு மதிப்புக்கும் உள்ள வித்தியாசத்தை மட்டுமே தருகிறது. கடன் 5 லட்சமானாலும் 15 லட்சமானாலும் அதற்கு ஒன்றுதான். எனவே இன்வாய்ஸ் காப்பு எடுத்தும் வங்கிக்குக் கைக்காசு கட்ட நேரலாம். அது எடுக்காமலேயே கடன் முழுதாக அடைந்துவிடவும் கூடும்.

## எதை வைத்து எடைபோடுவது

முதல் அளவுகோல், ஒவ்வோர் ஆண்டும் துண்டு விழும் தொகை எவ்வளவு என்பது. அடுத்தவை: எந்த நிகழ்வுக்கு அந்தக் காப்பு பணம் தரும், எத்தனை ஆண்டு வரை கிடைக்கும், விலைப்பட்டியலில் தெரியாத செலவு எங்கே ஒளிந்திருக்கிறது. பிரீமியத்தைக் கடைசியில் பார்த்தால் போதும். பலர் அதிலிருந்துதான் தொடங்குகிறார்கள்.

கார் திருடுபோனாலோ, பழுதுபார்க்கும் செலவு ஐடிவி எனப்படும் காப்பீட்டு மதிப்பில் 75 விழுக்காட்டைத் தாண்டினாலோ அது முழு இழப்பு. அப்போது காப்பீட்டு நிறுவனம் தருவது அந்த ஐடிவி தொகைதான். தயாரிப்பாளர் அறிவித்த விற்பனை விலையிலிருந்து தேய்மானத்தைக் கழித்து அதைக் கணக்கிடுகிறார்கள். வழக்கமான தேய்மானம் முதல் 6 மாதம் வரை 5 விழுக்காடு, ஓராண்டு வரை 15, இரண்டாண்டு வரை 20, மூன்றாண்டு வரை 30, நான்காண்டு வரை 40, ஐந்தாண்டு வரை 50. பாலிசி தொடங்கும் நாளில் குறித்த ஐடிவி அந்த ஆண்டு முழுவதற்கும் செல்லும். முழு இழப்புக்கு இடையில் மேலும் கழிக்க மாட்டார்கள்.

சாலை வரி, பதிவுக் கட்டணம், காப்பீட்டு பிரீமியம் ஆகியவை ஐடிவியில் சேராது. தமிழ்நாட்டில் வாங்குபவர் கவனிக்க வேண்டிய இடம் இதுதான். 2023 நவம்பரில் மாற்றியமைத்த ஆயுள் வரிப்படி 5 முதல் 10 லட்சம் வரையிலான காருக்கு 13 விழுக்காடு, 10 முதல் 20 லட்சம் வரை 18 விழுக்காடு, அதற்கு மேல் 20 விழுக்காடு. 11 லட்ச ரூபாய் காருக்கு வரி மட்டும் 1,98,000. வங்கி இவை எல்லாம் சேர்ந்த ஆன்ரோடு விலைக்குக் கடன் தருகிறது. காப்பீடோ இவை எதுவும் சேராத எக்ஸ்-ஷோரூம் விலையிலிருந்து இறங்கத் தொடங்குகிறது. ஷோரூம் வாசலைத் தாண்டும்போதே துண்டு விழுந்துவிடுகிறது.

அந்த 11 லட்ச ரூபாய் காரையே எடுத்துக்கொள்வோம். வரி, பதிவு, காப்பீடு எல்லாம் சேர்ந்து ஆன்ரோடு விலை ஏறத்தாழ 13,50,000 என்று வைப்போம். இருவர் வாங்குகிறார்கள், இருவருக்கும் வட்டி 9 விழுக்காடு. முதலாமவர் பத்தில் ஒரு பங்கு மட்டும் கையிலிருந்து போட்டு, 12,15,000 ரூபாயை 7 ஆண்டுக்குக் கடனாக வாங்குகிறார். மாதத் தவணை 19,550 அளவில் வரும். இரண்டாமவர் ஐந்தரை லட்சம் முன்பணம் கட்டி, 8 லட்சத்தை 5 ஆண்டுக்கு வாங்குகிறார். தவணை 16,600 அளவு.

| பாலிசி ஆண்டின் தொடக்கத்தில் | ஐடிவி | முதலாமவர் கடன் பாக்கி | துண்டு | இரண்டாமவர் கடன் பாக்கி | துண்டு |
|---|---|---|---|---|---|
| 1 | 10,45,000 | 12,15,000 | 1,70,000 | 8,00,000 | இல்லை |
| 2 | 8,80,000 | 10,84,000 | 2,04,000 | 6,67,000 | இல்லை |
| 3 | 7,70,000 | 9,42,000 | 1,72,000 | 5,22,000 | இல்லை |
| 4 | 6,60,000 | 7,86,000 | 1,26,000 | 3,64,000 | இல்லை |
| 5 | 5,50,000 | 6,15,000 | 65,000 | 1,90,000 | இல்லை |

(ரூபாய், கடன் பாக்கியை ஆயிரத்துக்கு முழுமையாக்கியிருக்கிறேன்.)

இரண்டாம் ஆண்டில் துண்டு குறையாமல் கூடுவதைப் பாருங்கள். நீண்ட காலக் கடனில் தொடக்கத் தவணைகளில் பெரும்பங்கு வட்டிக்கே போய்விடுகிறது. அசல் மெல்லத்தான் கரையும். கார் மதிப்போ வேகமாக இறங்கும். வட்டி, காலம், விலை மூன்றும் மாறினால் எண்களும் மாறும். வங்கியிடம் தவணை அட்டவணையை வாங்கி, உங்கள் காருக்கு இதே பட்டியலை நீங்களே போட்டுக்கொள்ளலாம், பத்து நிமிட வேலை.

## வழி 1: கூடுதல் காப்பு எதுவும் இல்லாத முழுக் காப்பீடு

பணம் எப்போது வரும்: விபத்து, திருட்டு, வெள்ளம், தீ. முழு இழப்பென்றால் ஐடிவி.

யாருக்கு வரும்: ஆர்சியில் ஹைப்போதிகேஷன் (கார் வங்கிக்கு ஈடாக இருப்பதைக் காட்டும் பதிவு) இருக்கும் வரை முதலில் வங்கிக்கு. மீதி இருந்தால் உங்களுக்கு. போதாவிட்டால் மீதிக் கடன் உங்கள் தலையில். கார் இல்லை என்பதால் கடன் ஒப்பந்தம் முடிந்துவிடாது.

மறைந்திருக்கும் செலவு: இழப்பீடு வரும் வரை தவணை ஓடிக்கொண்டிருக்கும். திருட்டில் இது நீளும். எஃப்ஐஆர் போட்டபின், வண்டியைக் கண்டுபிடிக்க முடியவில்லை என்று காவல்துறை சான்று தரும் வரை கோப்பு நகராது. அதற்குச் சில மாதங்கள் ஆகலாம். அந்த மாதங்களின் தவணையை நிறுத்தினால் கடன் மதிப்பெண் அடிபடும். நிலையான வட்டிக் கடனாக இருந்தால், முன்கூட்டி அடைப்பதற்கான கட்டணம் உண்டா என்றும் ஒப்பந்தத்தில் பார்க்க வேண்டும்.

இணையதளங்களில் பிரீமியத்தை ஒப்பிடும்போது ஐடிவியைக் கீழே இறக்கும் வசதி இருக்கும். சில நூறு ரூபாய் மிச்சமாகும் என்று அதை இறக்குபவர்கள் இருக்கிறார்கள். கடனில் ஓடும் காருக்கு இதைவிட மோசமான சிக்கனம் எனக்குத் தெரியவில்லை.

யாருக்கு ஏற்றது: பட்டியலில் ‘இல்லை’ என்று வரும் இரண்டாமவருக்கு, அதுவும் வேறு சேமிப்பு இருந்தால். நான்கைந்து ஆண்டு ஓடிய காருக்கும் பெரும்பாலும் இதுவே போதும்.

## வழி 2: இன்வாய்ஸ் காப்பு

பணம் எப்போது வரும்: திருட்டு, முழு இழப்பு இரண்டுக்கு மட்டும். பழுதுச் செலவு ஐடிவியில் 70 விழுக்காடு வந்து நின்றால் இது ஒரு ரூபாயும் தராது. அந்த இடத்தில் உதவுவது பிளாஸ்டிக், ரப்பர் பாகங்களுக்கான 50 விழுக்காட்டுத் தேய்மானத்தைக் கழிக்காமல் விடும் ‘ஜீரோ டெப்’. ஜீரோ டெப்பின் மறுபெயரான ‘பம்பர் டு பம்பர்’ எடுத்திருக்கிறேனே, எல்லாம் அதில் அடக்கம்தானே என்று கேட்பவர்கள் இரண்டையும் குழப்பிக்கொள்கிறார்கள். ஜீரோ டெப் முழு இழப்பில் ஐடிவியை உயர்த்தாது; இன்வாய்ஸ் காப்பு சிறு விபத்தில் எட்டிப் பார்க்காது.

எத்தனை ஆண்டு: பெரும்பாலும் முதல் மூன்று ஆண்டு, சில நிறுவனங்கள் ஐந்து வரை தருகின்றன. முதல் உரிமையாளருக்கே தருவதுதான் பொது வழக்கம். பழைய காரைக் கடனில் வாங்குபவர் இதை நம்பிக் கணக்குப் போடக் கூடாது.

கேட்டுத் தெளிய வேண்டிய இடம், ‘இன்வாய்ஸ்’ என்று அந்த நிறுவனம் எதைச் சொல்கிறது என்பது. சில பாலிசிகளில் காரின் விலைச்சீட்டுத் தொகை மட்டும். வேறு சிலவற்றில் முதல் பதிவுக் கட்டணமும் சாலை வரியும் சேரும். தமிழ்நாட்டில் இந்த வித்தியாசம் சின்னதல்ல. முதலாமவர் கதையையே பாருங்கள். முதல் ஆண்டில் கார் போனால், விலைச்சீட்டு மட்டும் தரும் காப்பில் 11,00,000 வரும், கடனோ 12,15,000. இன்வாய்ஸ் காப்பு எடுத்தும் 1,15,000 துண்டு விழுகிறது! வரியும் சேரும் காப்பாக இருந்தால் 12,98,000 வந்து, கடன் அடைந்து சிறிது மிஞ்சும். இரண்டு காப்புக்கும் ஷோரூம் பட்டியலில் பெயர் ஒன்றுதான். பாலிசி வாசகத்தை எழுத்தில் வாங்கிப் படிக்காமல் வேறுபாடு தெரியாது.

இன்னொரு வாசகமும் உண்டு: விலைச்சீட்டுத் தொகை, அதே மாடலின் இன்றைய புது விலை, இவற்றில் எது குறைவோ அது. விலை ஏறும் காலத்தில் இதை யாரும் கவனிப்பதில்லை. 2025 செப்டம்பர் 22 முதல் சிறிய கார்களுக்கான ஜிஎஸ்டி 28 விழுக்காட்டோடு செஸ் என்ற நிலையிலிருந்து 18 விழுக்காட்டுக்கு இறங்கியபோது இதன் அர்த்தம் வெளிப்பட்டது. அதற்கு முன் வாங்கியவரின் கடன் பழைய விலையில் நிற்கிறது. புதுப்பிக்கும்போது ஐடிவி குறைந்த புது விலையிலிருந்து கணக்காகிறது. ‘எது குறைவோ’ என்ற வரி இருந்தால் இன்வாய்ஸ் காப்பும் புது விலையோடு நின்றுவிடும். அந்த ஆண்டில் வாங்கியவர்கள் புதுப்பிக்கும் முன் இந்த ஒரு வரியைத் தேடிப் பார்ப்பது நல்லது.

மறைந்திருக்கும் செலவு: பிரீமியம் ஆண்டுக்குச் சில ஆயிரம் ரூபாய், அதன் மேல் 18 விழுக்காடு ஜிஎஸ்டி. அதைவிடப் பெரிது, அடிப்படைக் கோரிக்கை நிராகரிக்கப்பட்டால் இதுவும் சேர்ந்து போய்விடும் என்பது. செல்லுபடியாகும் உரிமம் இல்லாமலோ மது அருந்திவிட்டோ ஓட்டியது, சொந்தப் பயன்பாட்டுக் காரை வாடகைக்கு விட்டது போன்ற காரணங்கள் எல்லோருக்கும் தெரிந்தவை. திருட்டில் இரண்டு சாவியையும் கேட்பார்கள். தாமதமாகத் தெரிவித்தது பற்றி 2020இல் உச்ச நீதிமன்றம் குர்ஷிந்தர் சிங் வழக்கில் ஆறுதலான தீர்ப்பு தந்திருக்கிறது: காவல்துறைக்கு உடனே புகார் தந்திருந்தால், காப்பீட்டு நிறுவனத்துக்குத் தாமதமாகச் சொன்னதை மட்டும் காட்டித் திருட்டுக் கோரிக்கையை மறுக்கக் கூடாது. ஆனாலும் அன்றே தெரிவிப்பவருக்கு வழக்கே தேவைப்படாது.

வெள்ளத்தைப் பற்றித் தனியாகச் சொல்ல வேண்டும். 2015 டிசம்பர் வெள்ளத்தைச் சென்னை மறந்திருக்காது. 2023 டிசம்பரில் மிக்ஜாம் புயலின்போது பள்ளிக்கரணையில் கார்கள் நீரில் மிதந்து அடித்துச் செல்லப்பட்ட காணொளியைப் பார்க்காதவர் குறைவு. நின்றிருந்த கார் மூழ்கினால் முழுக் காப்பீடு பொறுப்பேற்கும். நீர் புகுந்த காரை உயிர்ப்பித்துப் பார்த்து என்ஜின் பூட்டிக்கொண்டால், அது உரிமையாளர் வரவழைத்த சேதம் என்று மறுப்பார்கள். அதற்கு என்ஜின் காப்பு தனியாக வேண்டும். வேளச்சேரியிலும் முடிச்சூரிலும் தாழ்வான தெருவில் கார் நிறுத்துபவர் இன்வாய்ஸ் காப்பை எடுத்து என்ஜின் காப்பை விட்டால், பாதிப் பாதுகாப்புக்குத்தான் பணம் கட்டுகிறார்.

யாருக்கு ஏற்றது: ஆன்ரோடு விலையில் 80 விழுக்காட்டுக்கு மேல் கடன், ஐந்தாண்டைத் தாண்டிய தவணை, வெளியே நிறுத்தும் கார். இவற்றில் இரண்டு பொருந்தினாலே நான் எடுக்கச் சொல்வேன், வரி சேரும் வகையாகப் பார்த்து. இரண்டாமவருக்கும் இது வீணில்லை. இரண்டாம் ஆண்டில் கார் போனால், இது இல்லாமல் அவர் கையில் 2,13,000 மிஞ்சும். விலைச்சீட்டுக் காப்போடு 4,33,000. வரியும் சேர்ந்தால் 6,31,000. அவருக்குக் கடன் பயம் இல்லை. அடுத்த கார் எந்தப் பணத்தில் என்பதுதான் கேள்வி. வேலைக்குக் கார் இல்லாமல் முடியாது என்றால் அவரும் எடுக்கலாம்.

## வழி 3: முன்பணத்தைக் கூட்டுவது, கடனைச் சீக்கிரம் குறைப்பது

பணம் எப்போது வரும்: வராது, வரத் தேவையும் இல்லை. துண்டு விழாமல் முன்னாலேயே தடுப்பது இது. எந்தப் பாலிசி வாசகத்தையும் நம்ப வேண்டாம், வட்டியும் மிச்சம். பட்டியலின் வலப்பக்கம் அதற்குச் சான்று.

மறைந்திருக்கும் செலவு: கையிருப்பு கரைவது. அவசரத்துக்கு வைத்த பணத்தையும் பாட்டியின் வைப்புத்தொகையையும் முன்பணத்தில் போட்டுவிட்டு, அடுத்த மாதம் மருத்துவச் செலவுக்கு 14 விழுக்காட்டில் தனிநபர் கடன் வாங்கினால் கணக்கு தலைகீழாகிவிடும். கார் காணாமல் போகும் வாய்ப்பைவிட வீட்டில் ஒரு மருத்துவச் செலவு வரும் வாய்ப்பு அதிகம்.

முதலாமவருக்கு இதில் ஒரு நடுவழி இருக்கிறது. இன்வாய்ஸ் காப்பு மூன்றாண்டில் நின்றுவிட்டாலும் நான்காம் ஆண்டில் 1,26,000 துண்டு இருப்பதைப் பட்டியல் காட்டுகிறது. முதல் மூன்று ஆண்டும் ஆண்டு முடிவில் போனஸிலிருந்து 50,000 வீதம் அசலில் கட்டினால், நான்காம் ஆண்டு தொடங்கும்போது கடன் பாக்கி ஐடிவிக்குக் கீழே வந்துவிடும். பகுதி அடைப்புக்கு வங்கி கட்டணம் வாங்குமா, ஆண்டுக்கு எத்தனை முறை அனுமதிக்கும் என்பதைக் கடன் வாங்கும் நாளிலேயே கேட்டுக்கொள்ள வேண்டும். தவணைத் தொகையைக் குறைக்கட்டுமா, காலத்தைக் குறைக்கட்டுமா என்று கேட்பார்கள். காலத்தைக் குறைக்கச் சொல்லுங்கள்.

## வழி 4: கடனோடு ஒட்டி விற்கும் ஆயுள் காப்பு

‘லோன் காப்பு’ என்ற பெயரைக் கேட்டு, கார் போனால் கடனை இது கட்டும் என்று எண்ணிக் கையெழுத்துப் போடுபவர்கள் நிறைய. இது கடன் வாங்கியவர் இறந்தால் பாக்கியை அடைப்பது. காருக்கு என்ன ஆனாலும் இதற்குச் சம்பந்தமில்லை. ஒரே தவணையாக வாங்கும் பிரீமியத்தைக் கடனிலேயே சேர்ப்பதால் அதற்கும் ஏழாண்டு வட்டி கட்டுவோம். கடன் தர இதை எடுத்தே ஆக வேண்டும் என்று சட்டம் எதுவும் இல்லை. வேண்டிய அளவுக்கு டேர்ம் பாலிசி ஏற்கெனவே உள்ளவருக்கு இது தேவையே இல்லை. இல்லாதவரும் தனியாக டேர்ம் பாலிசி எடுப்பதே மேல். ‘இஎம்ஐ பாதுகாப்பு’ என்பது வேறு: விபத்துக்குப்பின் கார் பட்டறையில் குறிப்பிட்ட நாட்களுக்கு மேல் நின்றால் சில தவணைகளைத் தருவது. பெயர்கள் ஒத்திருப்பதால் ஒன்றுக்கு மற்றொன்றை வாங்கிவிடாதீர்கள்.

## குத்தகைக் கார் என்றால்

அலுவலகம் வழியாக, சம்பளத்தில் பிடித்துக் குத்தகைக்குக் கார் தரும் ஏற்பாட்டில் ஆர்சியும் பாலிசியும் குத்தகை நிறுவனத்தின் பெயரில் இருக்கும். நீங்களாகக் காப்பைச் சேர்க்க முடியாது. முழு இழப்பு நேர்ந்தால் மீதிக் குத்தகையை யார் கட்டுவது என்ற விதியை மட்டும் தேடுங்கள். ‘காப்பீட்டுத் தொகை போக மீதியை ஊழியரிடம் வசூலிக்கலாம்’ என்று இருந்தால், பாலிசியில் இன்வாய்ஸ் காப்பு உண்டா என்று மனிதவளத் துறையிடம் எழுதிக் கேட்டு, பதிலையும் எழுத்தில் வாங்கிக்கொள்ளுங்கள்.

## வெளிநாட்டில் இருப்பவர்களுக்கு

அமெரிக்காவில் பல குத்தகை ஒப்பந்தங்களில் கேப் ஏற்கெனவே அடங்கியிருக்கும். அது தெரியாமல் டீலர் மேசையில் இரண்டாவதாக ஒன்றை வாங்காதீர்கள். கடனில் வாங்குபவர் டீலர் விலையைத் தம் காப்பீட்டு நிறுவனத்தின் விலையோடு ஒப்பிட வேண்டும். டீலர் அதைக் கடனிலேயே சேர்த்தால் வட்டியும் ஏறும். தவறிய தவணைகள், அபராதங்கள் போன்றவற்றைக் கேப் பொதுவாக ஏற்காது. கடனை முன்னதாகவே அடைத்தால் மீதிக் காலத்துக்கான கேப் கட்டணத்தைத் திருப்பிக் கேட்க மறக்காதீர்கள்.

பிரிட்டனில் நடந்ததை இந்திய வாசகரும் அறிவது நல்லது. அங்கே நிதிச் சந்தை ஒழுங்காற்றும் அமைப்பு 2024 பிப்ரவரியில் ஆராய்ந்தபோது, கேப் காப்புக்கு வாடிக்கையாளர் கட்டிய பிரீமியத்தில் 6 விழுக்காடுதான் இழப்பீடாகத் திரும்பியது தெரிந்தது. சில நிறுவனங்கள் பிரீமியத்தில் 70 விழுக்காடு வரை விற்றவர்களுக்குக் கமிஷனாகக் கொடுத்திருந்தன. பல நிறுவனங்கள் விற்பனையை நிறுத்திவைத்தன. அதனால் காப்பே வேண்டாம் என்று ஆகிவிடாது. விற்கும் இடத்தைப் பொறுத்து விலை எவ்வளவு ஊதலாம் என்பதற்கு அது சாட்சி.

## கையெழுத்துப் போடும் முன்

ஷோரூமிலேயே காப்பீடு எடுக்க வேண்டும் என்ற கட்டாயம் இல்லை. அவர்களின் பட்டியலில் ஒவ்வொரு கூடுதல் காப்புக்கும் தனித் தொகை எழுதித் தரச் சொல்லி, அதே ஐடிவி, அதே காப்புகளோடு வெளியே இரண்டு நிறுவனங்களில் விலை கேளுங்கள். வெளி பாலிசி என்றால் கேஷ்லெஸ் (பட்டறைச் செலவைக் காப்பீட்டு நிறுவனமே நேராகக் கட்டும் வசதி) கிடைக்காது என்பார்கள். அந்த நிறுவனத்தின் பட்டறைப் பட்டியலில் உங்கள் சர்வீஸ் நிலையம் இருந்தால் கிடைக்கும்.

பாலிசி கைக்கு வந்ததும் நான்கைப் பாருங்கள்: ஐடிவி பேசிய தொகைதானா, ஹைப்போதிகேஷனில் வங்கியின் பெயர் சரியா, இன்வாய்ஸ் காப்பில் சாலை வரி சேர்ந்திருக்கிறதா, ‘எது குறைவோ’ என்ற வரி இருக்கிறதா. புதுப்பிக்கும் ஒவ்வோர் ஆண்டும் கடன் பாக்கியையும் ஐடிவியையும் பக்கத்தில் பக்கத்தில் எழுதிப் பாருங்கள். பாக்கி கீழே இறங்கி, அடுத்த காருக்கான பணமும் சேர்ந்துவிட்ட ஆண்டில் இன்வாய்ஸ் காப்பை நிறுத்திவிடலாம். கடன் முடிந்ததும் வங்கியிடம் தடையில்லாச் சான்றும் படிவம் 35-உம் வாங்கி, ஆர்சியிலும் பாலிசியிலும் வங்கியின் பெயரை நீக்குங்கள். இல்லாவிட்டால் அதன்பின் வரும் இழப்பீடும் முதலில் வங்கியின் வாசலில்தான் போய் நிற்கும்.